தட்டுக்கழி பேசும் மொழி



நடனம் என்றதும் மேடையும் சலங்கையும் கைதட்டலுமே நம் நினைவுக்கு வருகின்றன. ஆனால் மேடையேறும் முன், பார்ப்பவர் எவருமின்றி, ஆசிரியையும் மாணவியும் பல ஆண்டுகள் நடத்தும் உரையாடலே நடனத்தின் உயிர் என்பது என் கருத்து.

பரதநாட்டிய வகுப்பில் தட்டுமனை மீது கழி விழுகிறது. "தெய்யா தெய்" என்கிறார் ஆசிரியை. அது கேள்வி. அரைமண்டியில் நிற்கும் மாணவியின் பாதம் தரையில் ஒலிக்கிறது. அது பதில். முதல் காலத்தில் தெளிவாக வந்த பதில் மூன்றாம் காலத்தில் தடுமாறினால், கழி மீண்டும் முதல் காலத்துக்கே இறங்கி வரும். 'உனக்காகக் காத்திருக்கிறேன்' என்பதே அதன் பொருள்.

ஒருமுறை எனக்குக் குதிகாலில் வலி. சொன்னால் ஆண்டு விழா நடனத்திலிருந்து நீக்கிவிடுவார்களோ என்று அஞ்சி மறைத்தேன். ஆசிரியை வேறொருத்தியின் கை முத்திரையைத் திருத்திக்கொண்டிருந்தார், என்னைப் பார்க்கவேயில்லை. ஆயினும் கழி சட்டென நின்றது. "உன் இடக்கால் ஏன் பொய் சொல்கிறது?" என்றார். அழுதுவிட்டேன். இரண்டு வாரம் ஓய்வு கிடைத்தது. என் இடமும் பறிபோகவில்லை.

கைப்பேசிப் படங்களைப் பார்த்தே ஆடக் கற்கலாம் என்பார் உண்டு. மறந்த அடவை நினைவூட்ட அவை உதவும், மறுக்கவில்லை. ஆனால் படம் நமக்குக் காட்டுமேயன்றி, நம்மைக் காணாது.

பாலசரஸ்வதி, கந்தப்பப் பிள்ளையிடம் பயின்று 1925-இல் ஏழு வயதில் அரங்கேறினார். ருக்மிணி தேவியோ முப்பது வயதை ஒட்டிய பின்னரே பந்தநல்லூர் மீனாட்சிசுந்தரம் பிள்ளையிடம் கற்று, 1935-இல் மேடையேறி, மறு ஆண்டே கலாக்ஷேத்திராவுக்கு வித்திட்டார். இரு ஆசான்களும் தஞ்சை நால்வர் மரபினர். சிறுமிக்கும் பெரியவருக்கும் அந்த மரபு ஒன்றே. பேசிய விதம் வேறாகத்தானே இருந்திருக்கும்!

உரையாடல் என்றால் இருவரும் பேச வேண்டும். கண்டிப்பு தேவையே, அது மாணவியின் வாயை அடைத்துவிடலாகாது. நாமும் வலியையும் ஐயத்தையும் மறைக்காது சொல்லப் பழகுவோம்.

பெற்றோருக்கும் ஒரு வேண்டுகோள். "அரங்கேற்றம் எப்போது?" என்று கேட்பதற்கு முன், "இன்று டீச்சர் என்ன சொன்னார்? நீ என்ன சொன்னாய்?" என்று கேளுங்கள். அரங்கேற்றம் ஒரு மாலையில் முடிந்துவிடும். இந்தப் பேச்சு வாழ்நாள் முழுதும் துணை வரும்.