உயிரோடு நினைவும் திரும்ப வேண்டும்

இடுப்பு எலும்பு முறிந்து அறுவை சிகிச்சை செய்துகொண்ட முதியவர் வாக்கரைப் பிடித்து நடக்கத் தொடங்கிவிட்டால் சிகிச்சை வெற்றி என்று எழுதிக் கோப்பை மூடிவிடுகிறோம். நுரையீரல் தொற்றோடு வென்டிலேட்டரில் கிடந்தவர் பிழைத்து வார்டுக்கு வந்துவிட்டாலும் அப்படித்தான். வீடு திரும்பிய பிறகு அவர் பழகிய வரவு செலவுக் கணக்கில் தடுமாறுகிறாரா, காலை மாத்திரையைப் போட்டாரா இல்லையா என்று குழம்புகிறாரா, பாதிப் பேச்சில் சொல்ல வந்ததை மறக்கிறாரா என்பதெல்லாம் எந்தக் கோப்பிலும் ஏறுவதில்லை. வீட்டில் உள்ளவர்கள் “மயக்க ஊசி போட்டதிலிருந்து இப்படி ஆகிவிட்டார்” என்கிறார்கள். மருத்துவரிடம் கேட்டால் “வயசாகிவிட்டதல்லவா” என்ற பதில் கிடைக்கிறது. எழுபது ஆண்டு ஆராய்ச்சியைப் புரட்டிப் பார்த்தால் இந்த இரண்டு விளக்கங்களுமே போதாதவை என்று தெரிகிறது. இரண்டும் சேர்ந்து, தடுக்கக்கூடிய ஒரு பாதிப்பைத் தலைவிதியாக மாற்றிவிடுகின்றன. சிந்தனைத் திறனையும் சிகிச்சையின் பலன்களில் ஒன்றாகக் கருதி, முன்னும் பின்னும் அளந்து, காப்பதற்குரிய வேலையைச் செய்தாக வேண்டும் என்பதே இக்கட்டுரையின் வாதம்.

பழி மயக்க மருந்தின் மேல் விழுந்ததற்கு நெடிய வரலாறு உண்டு. ஆக்ஸ்போர்டைச் சேர்ந்த பெட்ஃபோர்டு என்ற மருத்துவர் 1955-இல் ‘லான்செட்’ இதழில் எழுதிய கட்டுரை, முதியவர்களின் மூளையில் மயக்க மருந்து ஏற்படுத்தும் தீய விளைவுகளைப் பற்றியது. அறுவைக்குப் பிறகு ஆள் பழையபடி இல்லை என்று குடும்பத்தினர் சொன்னதை அவர் அக்கறையோடு கேட்டார். தவிர்க்கவே முடியாத நிலையில்தான் முதியவர்களுக்கு அறுவை செய்ய வேண்டும் என்றும் எச்சரித்தார். ஆனால் அறுவைக்கு முன் அவர்கள் எப்படி இருந்தார்கள் என்ற அளவீடும், அறுவை செய்துகொள்ளாத சம வயதினரோடு ஒப்பீடும் அன்று இல்லை. அந்தக் குறையைப் பெருமளவு நீக்கியது 1998-இல் அதே இதழில் வெளியான பன்னாட்டு ஆய்வு. இதயம் அல்லாத பெரிய அறுவை சிகிச்சை செய்துகொண்ட, 60 வயதைத் தாண்டிய 1,218 பேரின் நினைவும் கவனமும் அறுவைக்கு முன்னும் பின்னும் சோதிக்கப்பட்டன. ஒரு வாரத்துக்குப் பின் 25.8 சதவீதம் பேரிடமும், மூன்று மாதம் கழித்து 9.9 சதவீதம் பேரிடமும் சரிவு தெரிந்தது. அறுவை இல்லாத ஒப்பீட்டுக் குழுவில் இது முறையே 3.4, 2.8 சதவீதம்தான். மயக்கத்தின்போது ரத்தத்தில் ஆக்ஸிஜன் குறைவதும் ரத்த அழுத்தம் வீழ்வதும்தான் காரணம் என்ற ஊகம் அந்த ஆய்வில் நிரூபணம் ஆகவில்லை. குடும்பத்தினர் கண்ட மாற்றம் மெய். அவர்கள் காட்டிய குற்றவாளியைப் பற்றித்தான் ஐயம் எழுந்தது.

மயக்க மருந்துதான் காரணம் என்றால், முழு மயக்கம் கொடுக்காமல் முதுகுத்தண்டில் ஊசி போட்டு மரத்துப்போகச் செய்யும்போது பாதிப்பு குறைய வேண்டும். இதையும் சோதித்துவிட்டார்கள். 2003-இல் வந்த ஆய்வில், மூன்று மாதத்துக்குப் பிறகு இரு வகையினருக்கும் இடையே வேறுபாடு காணப்படவில்லை. இடுப்பு எலும்பு முறிவுக்கு அறுவை செய்துகொண்ட 1,600 பேரைக் கொண்டு அமெரிக்காவிலும் கனடாவிலும் நடந்த பெரிய சோதனையின் முடிவு 2021-இல் வெளியானது. முதுகுத்தண்டில் ஊசி போட்டவர்களில் 20.5 சதவீதம் பேருக்கும், முழு மயக்கம் பெற்றவர்களில் 19.7 சதவீதம் பேருக்கும் சித்தக் குழப்பம் வந்தது. இரண்டும் ஏறத்தாழ ஒன்றே. முழு மயக்கம் வேண்டாம் என்று மருத்துவரிடம் மன்றாடுவதாலோ, அதற்குப் பயந்து அறுவையைத் தள்ளிப்போடுவதாலோ மூளை காப்பாற்றப்படும் என்று நம்ப இந்த ஆய்வுகள் இடம் தரவில்லை. முறிந்த இடுப்போடு படுக்கையில் கிடப்பது நிமோனியாவையும் படுக்கைப் புண்ணையும் அழைத்து வரும்; அந்த நோய்கள் மூளையை இன்னும் கடுமையாகத் தாக்கும்.

அறுவையால் அல்லாமல் கடும் நோயால் தீவிர சிகிச்சைக்கு வந்தவர்களிடமும் இதே சரிவு காணப்படுவது மேலும் வலுவான சான்று. அமெரிக்காவின் நாஷ்வில் நகரில் வாண்டர்பில்ட் பல்கலைக்கழகத்தினர் தலைமையேற்று நடத்திய ஆய்வின் முடிவு 2013-இல் வந்தது. மூச்சுத் திணறலாலோ, ரத்த அழுத்தம் வீழ்ந்த அதிர்ச்சி நிலையாலோ தீவிர சிகிச்சைப் பிரிவில் சேர்க்கப்பட்ட 821 பேர் அதில் இருந்தனர். முன்பே சிந்தனைக் குறைபாடு கொண்டிருந்தவர்கள் 6 சதவீதம்தான். ஓராண்டு கழித்துச் சோதித்தபோது, 34 சதவீதம் பேரின் மதிப்பெண் நடுத்தரத் தலைக்காயம் பட்டவர்களுக்கு நிகராக இருந்தது. 24 சதவீதம் பேரின் மதிப்பெண் லேசான அல்சைமர் நோயாளிகளின் அளவுக்குத் தாழ்ந்திருந்தது. “வயசாகிவிட்டதல்லவா” என்ற பதில் இங்கே நிற்காது, ஏனென்றால் முதியவர்களிடம் மட்டுமல்லாமல் இளையவர்களிடமும் இந்தச் சரிவு தென்பட்டது. தொற்று முற்றி உறுப்புகளைப் பாதிக்கும் கடுமையான செப்சிஸ் தாக்கிப் பிழைத்த அமெரிக்க முதியவர்களைப் பற்றி 2010-இல் வெளியான ஆய்வு, நோய்க்கு முன்பே பதிவான அளவீடுகளைப் பயன்படுத்தியது. மிதமான அல்லது கடுமையான சிந்தனைக் குறைபாடு கொண்டவர்களின் விகிதம் 6.1 சதவீதத்திலிருந்து 16.7 சதவீதமாக உயர்ந்திருந்தது.

ஆனாலும் வயதையும் பழைய நோய்களையும் காட்டுபவர்களின் வாதத்தில் பாதி உண்மை இருக்கிறது. இதய பைபாஸ் அறுவைக்குப் பின் ஐந்தாவது ஆண்டில் 42 சதவீதம் பேரிடம் சரிவு இருப்பதாக டியூக் பல்கலைக்கழகத்தினர் 2001-இல் சொன்னபோது, பைபாஸ் செய்தால் மூளை போய்விடும் என்ற அச்சம் பரவியது. பின்னர் ஜான்ஸ் ஹாப்கின்ஸ் குழுவினர் பைபாஸ் செய்தவர்களையும், அதே இதய நோய்க்கு அறுவை இல்லாமல் சிகிச்சை பெற்றவர்களையும் ஆறு ஆண்டுகள் ஒப்பிட்டனர். இரு சாராரின் சரிவும் ஒத்திருந்தது. ரத்தக் குழாய் நோயே நீண்டகாலச் சரிவின் வேராக இருக்கலாம் என்று தெரிந்தது. எனவே அறுவைக்குப் பின் வரும் எல்லா மறதியையும் அறுவையின் கணக்கில் எழுதுவது தவறு. முன்பே அளந்து வைத்திருந்தால்தான் எது பழையது, எது புதியது என்று பிரிக்க முடியும். வயதைக் காரணம் காட்டும் வாதம் அளவீட்டின் தேவையைக் கூட்டுகிறதே தவிரக் குறைக்கவில்லை.

அளக்கும்போது கவனிக்க வேண்டிய முதல் அறிகுறி, மருத்துவர்கள் டெலிரியம் என்று சொல்லும் திடீர்ச் சித்தக் குழப்பம். இருக்கும் இடம் தெரியாமல் போவது, பகலும் இரவும் தலைகீழாவது, இல்லாததைக் கண்டு பேசுவது, கவனம் ஒரு நிமிடம்கூட நிலைக்காமல் போவது எல்லாம் இதில் அடங்கும். குழாயைப் பிடுங்கி எறிந்து கூச்சல் போடுபவரை எல்லோரும் கவனிப்பார்கள். ஓசையின்றிச் சுருண்டு கிடப்பவரை “நன்றாகத் தூங்குகிறார்” என்று விட்டுவிடுகிறார்கள்; தவறவிடப்படும் டெலிரியம் பெரும்பாலும் இந்த அமைதியான வகைதான். காயமோ தொற்றோ உடலில் கிளப்பும் அழற்சி மூளையையும் எட்டுகிறது என்பது ஆய்வாளர்கள் முன்வைக்கும் முக்கிய விளக்கம். தூக்கமின்மை, வலி, நீரிழப்பு, பென்சோடயசெபைன் வகைத் தூக்க மருந்துகள் ஆகியவை அதற்குத் துணைபோகின்றன. நாஷ்வில் ஆய்வில் 74 சதவீதம் பேருக்கு டெலிரியம் வந்தது. எத்தனை நாள் அது நீடித்ததோ அந்த அளவுக்கு ஓராண்டுக்குப் பிந்தைய மதிப்பெண் சரிந்தது. டெலிரியம் மூளையைக் கெடுக்கிறதா, ஏற்கெனவே பலவீனமான மூளையை அது வெளிக்காட்டுகிறதா என்று கேட்பது நியாயமே. அந்த விவாதம் இன்னும் தீரவில்லை. எது சரியானாலும், ஆபத்தில் இருப்பவர் யார் என்பதை அது நமக்குக் காட்டிக்கொடுக்கிறது.

“கண்டுபிடித்து என்ன பயன், மருந்து இல்லையே” என்பது மருத்துவர்கள் எழுப்பக்கூடிய அடுத்த ஆட்சேபம். மருந்து இல்லை என்பது உண்மை. டெலிரியத்துக்கு வழக்கமாகக் கொடுக்கப்படும் ஹாலோபெரிடால் தீவிர சிகிச்சை நோயாளிகளிடம் அதன் கால அளவைக் குறைக்கவில்லை என்று 2018-இல் வந்த சோதனை காட்டியது. ஆனால் தடுக்க வழி இருக்கிறது. யேல் பல்கலைக்கழகத்தின் ஷாரன் இனூயே குழுவினர் 70 வயதைக் கடந்த 852 நோயாளிகளிடம் செய்து பார்த்து 1999-இல் வெளியிட்ட முறையில் விலையுயர்ந்த கருவி எதுவும் இல்லை. மூக்குக் கண்ணாடியையும் காது கேட்கும் கருவியையும் மாட்டிவிடுவது, நாளும் இடமும் சொல்லிப் பேசுவது, தண்ணீர் குடிக்க வைப்பது, எழுப்பி நடக்க வைப்பது, இரவில் தூங்க விடுவது ஆகியவைதான் அதன் சாரம். டெலிரியம் 15 சதவீதத்திலிருந்து 9.9 சதவீதமாகக் குறைந்தது. வந்துவிட்ட டெலிரியத்தின் கடுமையை அந்த முறையால் குறைக்க முடியவில்லை என்பதையும் அதே ஆய்வு சொன்னது, முந்திக்கொண்டால்தான் பலன். தைவானில் வயிற்று அறுவை செய்துகொண்ட முதியவர்களிடம் இதைச் சுருக்கிச் செய்தபோது 15.1 சதவீதம் 6.6 ஆக இறங்கியது. சிகாகோவில் வென்டிலேட்டரில் இருந்தவர்களுக்குத் தாமதிக்காமல் உடற்பயிற்சி சிகிச்சை தொடங்கியதில், ஓராண்டுக்குப் பின் சிந்தனைக் குறைபாடு இருந்தவர்கள் 24 சதவீதம். வழக்கமான சிகிச்சை பெற்றவர்களில் 43 சதவீதம். இது 2023-இல் வெளிவந்த முடிவு.

நம் மருத்துவமனைகளுக்கு மிக நெருக்கமான சான்று சீனாவின் செங்டு நகரிலிருந்து 2020-இல் வந்தது. அங்கே இந்த வேலைகளில் பங்கேற்கக் குடும்பத்தினருக்கே சொல்லிக்கொடுத்தார்கள். அறுவை செய்துகொண்ட, 70 வயதைத் தாண்டிய நோயாளிகளில் வழக்கமான பராமரிப்பில் இருந்தவர்களில் 19.4 சதவீதம் பேருக்கு டெலிரியம் வர, குடும்பத்தோடு கவனிக்கப்பட்டவர்களில் 2.6 சதவீதம் பேருக்கே வந்தது. தமிழ்நாட்டு வார்டுகளில் நோயாளிக்கு ஓர் ஆள் உடனிருப்பது புதிதல்ல. செவிலியர் பற்றாக்குறையைக் காரணம் காட்டுபவர்களுக்கு வாசலிலேயே விடை உட்கார்ந்திருக்கிறது. ஆனால் அந்த ஆளுக்கு நாம் கொடுக்கும் வேலை மருந்துச் சீட்டோடு ஓடுவதும், தீவிர சிகிச்சைப் பிரிவின் கதவுக்கு வெளியே காத்திருப்பதும்தான். உள்ளே விட்டால் தொற்று பரவும் என்பார்கள். பிரேசிலில் 36 தீவிர சிகிச்சைப் பிரிவுகளில் பார்வை நேரத்தைத் தளர்த்திப் பார்த்ததில் தொற்று கூடவில்லை. டெலிரியமும் குறையவில்லை என்பதைச் சொல்லாமல் விடுவது நேர்மையல்ல. உறவினர் சும்மா வந்து உட்கார்வது போதாது, என்ன செய்ய வேண்டும் என்று சொல்லிக்கொடுத்து வேலை ஒப்படைத்தால்தான் பலன் என்றே இந்த இரு முடிவுகளையும் சேர்த்துப் படிக்கத் தோன்றுகிறது. செங்டுவின் முடிவு அறுவை வார்டுக்குரியது. தீவிர சிகிச்சைப் பிரிவிலும் அது பலிக்குமா என்பதை இங்கேயே சோதிக்கலாம்.

செய்ய வேண்டியவை எட்டாக் கனிகள் அல்ல. அறுபதைத் தாண்டிய எவருக்கும் பெரிய அறுவைக்கு முன் ஈசிஜி எடுப்பது போல நினைவையும் கவனத்தையும் சோதிக்கும் ஒரு சிறு தேர்வு வைக்க வேண்டும். இந்தியாவில் 60 வயதுக்கு மேற்பட்டோரில் 7.4 சதவீதம் பேருக்கு டிமென்ஷியா இருப்பதாக 2023-இல் வெளியான நாடு தழுவிய மதிப்பீடு சொல்கிறது. டெலிரியம் வரும் ஆபத்து மிகுந்தவர்கள் அவர்களே. பள்ளிக்கூடமே போகாதவர்களை எப்படிச் சோதிப்பது என்ற கேள்விக்கு, கல்வியறிவு குறைந்தவர்களுக்கும் பொருந்தும் முறைகளைக் கொண்டு சென்னையிலும் வேலூரிலும் நடந்த டிமென்ஷியா ஆய்வுகளே பதில். மருத்துவமனையில் இருக்கும் நாட்களில் வெப்பநிலையும் ரத்த அழுத்தமும் குறிக்கப்படும் அதே தாளில் டெலிரியம் உண்டா இல்லையா என்பதும் குறிக்கப்பட வேண்டும். அதற்கான சோதனைக்குச் சில நிமிடங்கள் போதும். டிஸ்சார்ஜ் தாளில் அதை எழுதிக் குடும்பத்துக்கு விளக்க வேண்டும். 2021 முதல் வீடு தேடி மாத்திரை கொடுக்கும் ‘மக்களைத் தேடி மருத்துவம்’ பணியாளர்களைக் கொண்டு மூன்றாம் மாதத்தில் மறுசோதனை செய்யலாம். அறுவைக்கும் தீவிர சிகிச்சைக்கும் பணம் கொடுக்கும் முதலமைச்சர் காப்பீட்டுத் திட்டம், இந்தப் பதிவுகளை நிபந்தனையாக்கினால் தனியார் மருத்துவமனைகளும் வழிக்கு வரும்.

இப்படிப் பேசினால் மக்கள் அறுவைக்கே பயப்படுவார்கள் என்ற கவலை கடைசியாக எழும். காரணம் தெரியாத இடத்தில்தான் பயம் வளர்கிறது. தொற்று வரலாம், ரத்தக் கட்டி வரலாம் என்று கையெழுத்து வாங்கும் மருத்துவமனைகள், சித்தக் குழப்பம் வரலாம், அதைத் தடுக்க இன்னின்ன செய்வோம், நீங்களும் இன்னின்ன செய்யுங்கள் என்று சொல்வதால் எதையும் இழக்கப்போவதில்லை. டெலிரியம் வராமல் தடுத்தவர்கள் எல்லோரும் பத்தாண்டு கழித்தும் தெளிவாக இருப்பார்கள் என்ற உத்தரவாதத்தை எந்த ஆய்வும் தரவில்லை. ஆனால் கண்ணாடியும் தண்ணீரும் நடையும் தூக்கமும் தருவதற்கு அந்த உத்தரவாதம் வரும்வரை காத்திருக்கத் தேவையில்லை. அவற்றால் கெடுதல் இல்லை, செலவும் சொற்பம். அளக்காமல் விட்டால்தான் இழப்பு முழுவதும் குடும்பத்தின் தலையில் விழுகிறது. ஒரு மருத்துவமனை தன் வெற்றி விகிதத்தை விளம்பரப்படுத்தும்போது, பிழைத்தவர்களில் எத்தனை பேர் மூன்று மாதம் கழித்துத் தம் மாத்திரையைத் தாமே பார்த்து எடுத்துக்கொள்கிறார்கள் என்று கேட்கும் உரிமை நோயாளிக்கும் அரசுக்கும் உண்டு. அந்த எண்ணைச் சொல்ல முடியாத மருத்துவமனையின் வெற்றிக் கணக்கு பாதிக் கணக்குதான்.