அச்சத்தைச் சொல்வது கோழைத்தனமா?

வெற்றி பெற்றவரைப் போற்றுவது உலக வழக்கம். ஆட வேண்டிய நாளில் ஆடாமல் திரும்பிய ஒருவரைப் பற்றி இவ்வாண்டு மலரில் எழுத விழைகின்றேன்.

மார்டி ஃபிஷ் அமெரிக்க நாட்டு டென்னிஸ் வீரர். 2004ஆம் ஆண்டு ஏதென்ஸ் ஒலிம்பிக்கில் ஒற்றையர் பிரிவில் வெள்ளிப் பதக்கம் வென்றார். பின்னர்க் கடுமையாக உழைத்து, உடல் எடையையும் பெரிதும் குறைத்து, 2011இல் உலகத் தரவரிசையில் ஏழாம் இடத்தை எட்டினார். அப்போது அவருக்கு வயது 29.

உயர்ந்த வேளையிலே இடரும் வந்தது. 2012இல் அவரது இதயத் துடிப்பு சீர்கெட்டது. மருத்துவர்கள் அதற்குச் சிகிச்சை அளித்தனர். ஆயினும் மனத்தைப் பற்றிய அச்சம் நீங்கவில்லை. அவ்வாண்டு அமெரிக்கப் பொதுப்போட்டியின் நான்காம் சுற்றில் ரோஜர் ஃபெடரரை எதிர்த்து ஆடவேண்டியவர், ஆட்டத்தையே கைவிட்டார். ஆட வேண்டியதில்லை என்று மனைவி கூறிய சொல்லே அன்று அவருக்குத் துணையாயிற்று. மருத்துவ உதவி பெற்றுத் தேறி, 2015இல் அதே போட்டியில் மீண்டும் ஆடி, ஒரு சுற்றில் வென்று, அடுத்த சுற்றில் ஐந்து செட்டுகள் வரை போராடித் தோற்று விடைபெற்றார். 2021இல் நெட்ஃபிலிக்ஸ் வெளியிட்ட ஆவணப்படத்தில் தோன்றி, தாம் பட்ட துன்பத்தை மறைக்காமல் எடுத்துரைத்தார்.

பல ஆண்டுகளுக்கு முன் என் வகுப்பில் ஒரு மாணவன், தேர்வு நாள்தோறும் வயிற்றுவலி என்பான். சோம்பல் என்று கருதி, அனைவர் முன்னிலையிலும் கடிந்துகொண்டேன். அடுத்த தேர்வன்று அவன் வலி என்று சொல்லவில்லை, பள்ளிக்கே வரவில்லை. செம்பனைக் காட்டில் ஒளிந்திருந்தவனை அவன் தந்தை தேடி அழைத்து வந்தார். அவனுடைய நடுங்கிய கைகளை நான் இன்னும் மறக்கவில்லை. பிழை என்னுடையதே.

இவ்வாறு இடங்கொடுத்தால் பிள்ளைகள் சாக்குச் சொல்லப் பழகுவர் எனச் சிலர் கூறுவர். சோம்பேறி வேலையை விட்டு ஓடுவான். அஞ்சுபவனோ செய்ய விரும்பியும் இயலாமல் தவிப்பான். இரண்டையும் பிரித்தறியக் கேட்டாலன்றி வழியில்லை.

பெற்றோர்களே! நாள் முழுதும் வெயிலில் உழைத்துக் களைத்து வருகின்றீர்கள். எனினும், அடிக்கக் கை ஓங்கும் முன், "என்னப்பா பயம்?" என்று ஒருமுறை கேளுங்கள். மாணவச் செல்வங்களே! அச்சம் வந்தால் எங்களிடம் வந்து சொல்லுங்கள். என் அறைக் கதவு திறந்தே இருக்கும்.