அந்தச் சொல் முறைப்பாட்டில் இருக்க வேண்டும்



வெள்ளவத்தைத் தொடர்மாடி வீடுகளிலும் கொட்டாஞ்சேனைக் கடைகளிலும் ஹோட்டல்களிலும் நம் தோட்டத்துப் பிள்ளைகள் ஏராளமாக வேலை செய்கிறார்கள். லயத்தை விட்டுப் போனால் சாதியையும் விட்டுப் போகலாம் என்று நம்பித்தான் பலர் பஸ் ஏறுகிறார்கள். ஆனால் “எந்தத் தோட்டம்? நீங்க என்ன ஆட்கள்?” என்ற கேள்வி கொழும்பிலும் காத்திருக்கிறது. சம்பளத்தைக் கேட்டாலோ ஒரு பீங்கான் உடைந்தாலோ முதலில் சாதிப் பெயர் வருகிறது, பிறகு அடி விழுகிறது.

அடிக்கு வழக்குப் போடலாம். அந்தச் சாதிப் பெயருக்கு என்ன வழி?

நமது தண்டனைச் சட்டக்கோவையில் காயம் விளைவிப்பதற்கு 314ஆம் பிரிவும், வேண்டுமென்றே அவமதிப்பதற்கு 484ஆம் பிரிவும், மிரட்டலுக்கு 486ஆம் பிரிவும் இருக்கின்றன. இவற்றில் எதிலும் சாதி என்ற சொல் இல்லை. 484இல் இன்னொரு சிக்கலும் உண்டு. அவமதிப்பு சமாதானத்தைக் குலைக்கத் தூண்டக்கூடியதாக இருக்க வேண்டும் என்கிறது அந்தப் பிரிவு. திட்டு வாங்கிய பிள்ளை பயந்து வாய் மூடி நின்றிருந்தால், “இங்கே எந்தச் சமாதானம் குலைந்தது?” என்று எதிர்த்தரப்புச் சட்டத்தரணி கேட்பார்.

சாதிக்கென்று நாட்டில் ஒரு சட்டம் இல்லாமல் இல்லை. 1957ஆம் ஆண்டின் 21ஆம் இலக்க சமூகக் குறைபாடுகள் தடுப்புச் சட்டம் 1971இல் திருத்தவும் பட்டது. 1968இல் மாவிட்டபுரம் கந்தசுவாமி கோயிலுக்குள் ஒடுக்கப்பட்ட மக்கள் நுழைவதை மறித்த முன்னாள் அமைச்சர் சி. சுந்தரலிங்கம் மீது இதன் கீழ்தான் பொலிஸ் வழக்குத் தொடர்ந்தது. பெரிய மனிதரையும் கூண்டில் ஏற்றக்கூடிய சட்டம்தான். ஆனால் கோயில், பாடசாலை, ஹோட்டல் போன்ற இடங்களில் ஒருவரை மறிப்பதையே அது பெரிதும் பார்க்கிறது. வீட்டுக் குசினியில் சாதி சொல்லி அடிப்பது அதன் கண்ணுக்கு எளிதில் படாது.

அரசியலமைப்பின் 12ஆம் உறுப்புரை சாதிப் பாகுபாட்டைத் தடை செய்கிறது. ஆனால் 126ஆம் உறுப்புரையின் கீழ் உயர் நீதிமன்றத்துக்குப் போக முடிவது அரச நிர்வாகத்தின் செயலுக்கு எதிராகத்தான். வீட்டு எஜமானுக்கு எதிராக அந்த வழி இல்லை. 2007ஆம் ஆண்டின் 56ஆம் இலக்கச் சட்டம் தேசிய, இன, மத வெறுப்பைத் தூண்டுவதைக் குற்றமாக்கியது. அங்கேயும் சாதி விடுபட்டுப் போனது.

இந்தியாவில் 1989இலிருந்து வன்கொடுமைத் தடுப்புச் சட்டம் இருக்கிறது. பட்டியல் சாதியினரைச் சாதிப் பெயர் சொல்லி இழிவுபடுத்துவதே அங்கு தனிக் குற்றம். ஆனால் அது பொதுமக்கள் பார்வைக்கு உட்பட்ட இடத்தில் நடந்திருக்க வேண்டும். 2008இல் டில்லிச் சாரதி ஒருவரின் வழக்கில், வீட்டு வாசல் தெருவில் போவோர் பார்க்கக்கூடிய இடம், எனவே வழக்கு நடக்கலாம் என்றது இந்திய உச்ச நீதிமன்றம். 2020இல் உத்தரகாண்ட் வழக்கொன்றில், வெளியார் யாரும் இல்லாத நான்கு சுவருக்குள் சொன்னது இந்தக் குற்றமாகாது என்றது. 2025 ஜனவரியில் தமிழ்நாட்டின் லால்குடி வழக்கிலும் அதே கதைதான். அலுவலக அறைக்குள் வருவாய் அதிகாரி ஒருவரைச் சாதி சொல்லித் திட்டியதாக வழக்கு. சக ஊழியர்கள் பிறகுதான் வந்தார்கள் என்பதால் அது தள்ளுபடியானது.

இதை நம் வீட்டுப் பணிப்பெண்ணுக்குப் பொருத்திப் பாருங்கள். நாலாம் மாடி, கதவு சாத்தியிருக்கிறது, சாட்சிக்கு யாரும் இல்லை. இந்தியச் சட்டத்தை அப்படியே கொண்டு வந்தாலும் அவளுக்குப் பயன் இல்லை. அதனால் சங்கம் கேட்க வேண்டியது வேறு. சாதியைச் சொல்லி அவமதிப்பதும் அடிப்பதும் எந்த இடத்தில் நடந்தாலும் தனிக் குற்றமாக வேண்டும். அந்த வழக்கை “கை குலுக்கிக்கொண்டு போங்கள்” என்று இணக்க சபைக்கு அனுப்பக் கூடாது.

சட்டம் வரும்வரை சும்மா இருக்க முடியாது. வழக்கு பெரும்பாலும் முதல் நாளிலேயே தோற்றுவிடுகிறது. திட்டியது தமிழில், பொலிஸ் எழுதுவது சிங்களத்தில். “கெட்ட வார்த்தையால் ஏசினார்” என்று ஒரு வரி விழுந்தால் சாதி அங்கேயே அழிந்துவிடும். பிறகு நீதவான் முன் அதைச் சொன்னால், இப்போது சேர்த்த கதை என்பார்கள். தமிழில் முறைப்பாடு கொடுப்பது நமது உரிமை. வெட்கப்படாமல் சொன்ன சொல்லை அப்படியே எழுதச் சொல்லுங்கள். வாசித்துக் காட்டிய பிறகே கையெழுத்து வையுங்கள். முறைப்பாட்டு இலக்கத்தை வாங்கிக்கொள்ளுங்கள். காயம் சிறிதானாலும் அன்றே அரசாங்க வைத்தியசாலைக்குப் போய், யார் எதனால் அடித்தார் என்று டொக்டரிடம் சொல்லுங்கள். அழுதுகொண்டே வீட்டுக்கு அனுப்பிய குரல் பதிவை அழிக்காதீர்கள். ஒரே சாட்சிதான் என்று மனம் தளரவும் வேண்டாம். சாட்சிகளுக்குக் குறைந்தபட்ச எண்ணிக்கை எதையும் சாட்சியக் கட்டளைச் சட்டத்தின் 134ஆம் பிரிவு கேட்கவில்லை. நம்பத்தகுந்த ஒருவரின் வாக்குமூலம் போதும். சட்டத்தரணிக்குப் பணம் இல்லாதவர்களுக்குச் சட்ட உதவி ஆணைக்குழு இருக்கிறது.

சாதியைப் பேசினால் தொழிலாளர் ஒற்றுமை குலையும் என்று நமக்குள்ளேயே சிலர் சொல்கிறார்கள். கங்காணி காலத்தில் ஆள் பிடித்ததும் லயம் பிரித்ததும் சாதி பார்த்துத்தான். ஒற்றுமையைக் குலைத்தது அது. அதைப் பற்றிப் பேசுவது ஒற்றுமையைக் குலைக்காது. கொழும்பில் திட்டுகிற முதலாளி சில வேளை நம் தோட்டத்திலிருந்து போனவராகவும் இருக்கிறார். திருவிழாவிலும் கல்யாணப் பேச்சிலும் அதே சொல்லை நாமே சிரித்துக்கொண்டு சொன்னால், அது இழிவு என்று எந்த நீதிமன்றத்தை நம்ப வைக்கப் போகிறோம்?

கொழும்பில் பிள்ளை வேலை செய்யும் ஒவ்வொரு குடும்பமும் வேலை வீட்டின் முகவரியைத் தோட்டத் தலைவரிடம் கொடுத்து வையுங்கள். பிரச்சினை வந்தால் பிள்ளை தனியாகப் பொலிசுக்குப் போகக் கூடாது. தமிழும் சிங்களமும் தெரிந்த ஒருவரைச் சங்கம் கூடவே அனுப்ப வேண்டும். சந்தாப் பணத்துக்கு இதைவிட நல்ல செலவு வேறென்ன?