'டாங்கோ' குறும்படமும் உள்ளுறை தேடும் திறனாய்வும்

போலந்துக் கலைஞர் ஸ்பிக்னியெவ் ரிப்சின்ஸ்கி, லோட்ஸ் நகரின் செமாஃபோர் படநிலையத்தில் 1980இல் உருவாக்கிய 'டாங்கோ', எண்பதுகளின் தொடக்கத்துச் சோதனைக் குறும்படங்களுள் பெரிதும் பேசப்படுவதாகும். அசைவூட்டக் குறும்படத்திற்கான ஆஸ்கார் விருதை அது 1983இல் பெற்றது. எனினும் அதுபற்றிய எழுத்துகளில் பெரும்பகுதி படத்தைப் பேசுவதில்லை. விருது இரவில் கலைஞருக்கும் அரங்கக் காவலருக்கும் நேர்ந்த பூசலைச் சுவைபடக் கூறுவர். பின்னர், இராணுவச் சட்டத்தில் நெரிபட்ட போலந்தின் உருவகமே இப்படம் என முடிப்பர்.

இம்முடிபு கால வழுவாகும். இராணுவச் சட்டம் அறிவிக்கப்பட்டது 1981 டிசம்பர் 13இல். படம் அதற்கு முற்பட்டது. இதனைச் சுட்டினால், வீட்டுவசதி நெருக்கடியின் உருவகம் என மாற்றிக்கொள்வர். இதற்குக் காலத்தடை இல்லை என்பது உண்மையே. ஆயின் திரையில் நிகழ்வது யாது என்பதை இவ்விளக்கமும் தொடவில்லை.

ஒரே அறை, அசையாத ஒளிப்பதிவுக் கருவி. சன்னல் வழியே பந்து விழுகிறது. சிறுவன் ஏறி வந்து அதனை எடுத்துச் செல்கிறான். மீண்டும் பந்து விழுகிறது. பாலூட்டும் தாய், பொதியைத் திருடிச் செல்பவன் என 36 பேர் ஒருவர்பின் ஒருவராக அறையை நிறைக்கின்றனர். ஒவ்வொருவரும் தத்தம் செயலையே திரும்பத் திரும்பச் செய்கின்றனர்; ஒருவர்மீது ஒருவர் மோதுவதில்லை. நெருக்கடியே பொருளெனின் மோதலன்றோ வேண்டும்? மோதாமையே இப்படத்தின் பொருள். அம்மோதாமைக்காக ஏறத்தாழ 16,000 மறைப்புப் படலங்களைக் கையால் வரைந்து, ஒளியியல் அச்சுப்பொறியில் உருவங்களை ஒன்றன்மேல் ஒன்றாகப் பதித்து, 7 மாதம் உழைத்ததாகக் கலைஞரே கூறியுள்ளார். இதனைத் 'தொழில்நுட்பத் திறன்' என ஒரு தொடரில் ஒதுக்குவது, யாப்பை நீக்கிவிட்டுச் செய்யுளுக்குப் பொழிப்புரை வரைவதை ஒக்கும்.

தொல்காப்பியர் உள்ளுறை உவமத்திற்குத் தெய்வம் ஒழிந்த கருப்பொருளையே நிலைக்களனாக வகுத்தார். உள்ளுறைக்கும் வரம்பு உண்டு. அகப்பாடலில் அவ்வரம்பைப் பேணும் ஆய்வாளர், திரைப்படத்தை அணுகும்போது மட்டும் அதனைக் கைவிடுவது வியப்பிற்குரியது.

இறுதியில் அறை மெல்ல வெறுமையாகிறது. எஞ்சிய மூதாட்டி பந்தை எடுத்துக்கொண்டு வெளியேறுகிறாள். எந்த நெருக்கடியின் உருவகம் இப்பந்து? குறியீட்டு வாசிப்பினர் பெரும்பாலும் இக்காட்சிக்கு முன்பே தம் கட்டுரையை முடித்துவிடுகின்றனர்.