கிலுகிலுப்பையும் இனவியலும்

நாட்டார் பாடல்களையும் பழங்கதைகளையும் ஆராய்வது ஓய்வுநேரப் பொழுதுபோக்கு என்று எண்ணுவோர் நம்மிடையே இன்றும் உளர். பாட்டி கூறும் கதைக்கும் பல்கலைக்கழகத்துக்கும் யாது தொடர்பு என்று மாணவர் சிலர் நம்மையே வினவியதுண்டு. வினா நியாயமானதே. 1846ஆம் ஆண்டில் வில்லியம் தொம்ஸ் என்னும் ஆங்கிலேயர், மக்களின் வழிவழி வந்த அறிவு என்று பொருள்படும்படி 'போக்லோர்' என்ற சொல்லைப் புனைந்தபோது, அழிந்துபோகும் பழமையைத் திரட்டி வைத்தல் என்பதே அவர் கருத்தில் மேலோங்கி நின்றது. திரட்டுதல் நல்ல பணிதான். ஆனால், திரட்டியதை எவ்விதம் அடுக்குவது என்ற கேள்வி எழுந்த பின்னரே இத்துறை அறிவியலாகத் தலைப்பட்டது என்பது நமது துணிபு. அக்கேள்வி சூடுபிடித்த இடம் ஒரு நூதனசாலை.

வாஷிங்டன் நகரத்துத் தேசிய நூதனசாலையில் ஒற்றிஸ் மேசன் என்பார் இனவியற் பகுதியைக் கவனித்துவந்தார். அவர் பொருள்களை வகைவாரியாக அடுக்கினார். பல நாட்டு வில்லெல்லாம் ஓரிடம், கூடையெல்லாம் ஓரிடம், இசைக்கருவியெல்லாம் ஓரிடம். எளியது முதலாக நுண்ணியது ஈறாக வரிசை. மானிடரின் அறிவு படிப்படியே உயர்ந்தமையை ஒரே நோக்கிற் காணலாம் என்பது அவர் எண்ணம். அவ்வெண்ணத்தின் மறுபக்கம் ஒன்றுண்டு. ஏணியை நாட்டியவன் அதன் அடிப்படியில் யாரையாவது நிறுத்தியே ஆகவேண்டும். அங்கே நிறுத்தப்பட்டவர் பழங்குடி மக்கள்.

இம்முறையை 1887இல் 'சயன்ஸ்' என்னும் வார இதழில் ஒருவர் எதிர்த்து எழுதினார். அவர் பெயர் பிரான்சு பொவாஸ். முப்பது வயதும் நிரம்பாதவர். ஜேர்மனியிற் பிறந்து, கடல்நீரின் நிறத்தைப் பற்றி ஆராய்ந்து 1881இற் கீல் பல்கலைக்கழகத்திற் கலாநிதிப் பட்டம் பெற்றவர். 1883-84ஆம் ஆண்டுகளிற் பனிசூழ்ந்த பாஃபின் தீவில் இனுவிற் மக்களோடு வாழ்ந்து திரும்பியவர். அவர் எடுத்துக்காட்டிய பொருள்களுள் ஒன்று கிலுகிலுப்பை. கிலுகிலுப்பைகளையெல்லாம் ஓர் அலமாரியில் வைத்தால் நாம் அறிவது என்ன? ஒன்று ஆவிகளை அழைக்கவோ துரத்தவோ எழுந்தது. மற்றொன்று ஓசையில் மகிழும் குழந்தைக்காக எழுந்தது. உருவம் ஒன்றாயினும் உள்ளக் கருத்து வேறு. ஆகவே, ஒரு கூட்டத்தாருடைய பொருள்கள் யாவும் சேர்ந்தே இருக்கவேண்டும்; அவற்றுள் ஒவ்வொன்றும் மற்றவற்றால் விளக்கம் பெறும் என்பது அவர் வாதம். பூசாரியின் உடுக்கையும் வீதியில் வேடிக்கை காட்டுவோன் கைக்குடுகுடுப்பையையும் ஒரே ஆணியில் தொங்கவிடுவோமா? நம் வீட்டுச் சிறுவரும் சிரிப்பர்.

கருவிக்குக் கூறியது கதைக்கும் பாட்டுக்கும் பொருந்தும். 1888இல் அமெரிக்க நாட்டார் வழக்கியற் சங்கம் தோன்றியது. அதனைத் தோற்றுவித்தவர்களுள் பொவாசும் ஒருவர். கதையின் சுருக்கத்தைத் தன் மொழியில் எழுதிக்கொண்டு போவது கதையைக் கொண்டுபோவதாகாது என்பது அவர் கொள்கை. சொல்வோர் தம் தாய்மொழியிற் சொன்னபடியே எழுதப்படல் வேண்டும்.

இதற்கு அவருக்குக் கைகொடுத்தவர் ஜோர்ஜ் ஹண்ட். கனடாவின் மேற்குக் கரையிலுள்ள ரூப்பேட் கோட்டையிற் பிறந்தவர். தந்தை ஆங்கிலேயர், தாய் திலிங்கிற் குலத்துப் பெருமகள். அவ்விடத்து மக்களிடையே வளர்ந்தமையால் அவர்களுடைய குவாக்வலா மொழி அவருக்குக் கைவந்தது. அம்மக்களைப் பழைய நூல்கள் குவாகியூட்ல் என்று குறிக்கும். இன்று அவர்கள் தம்மைக் குவாக்வக்கவாக்கு என்பர். 1893இற் சிக்காகோ உலகக் கண்காட்சிக்கு வந்த ஹண்டுக்கு, அம்மொழியை ஒலிபிறழாது எழுதும் முறையைப் பொவாஸ் பயிற்றினார். அதன்பின் 1933இல் தாம் இறக்கும் வரை ஹண்ட் எழுதி அனுப்பிய பக்கங்கள் பல்லாயிரம். 1902இல் தொடங்கி வெளிவந்த 'குவாகியூட்ல் பாடங்கள்' நூலின் முகப்பில் இருவர் பெயரும் உள. அந்நாளில் இது சிறிய காரியமன்று. கதை சொன்னவரும் எழுதிக் கொடுத்தவரும் அடிக்குறிப்பில் மறைந்துபோவதே அக்கால வழக்கம்.

வாசகர்களுள் இல்லத்தரசியர் அறியவேண்டியது ஒன்றுண்டு. 1921இல் வெளிவந்த 'குவாகியூட்லரின் இனவியல்' என்னும் பெருநூலிற் சமையற் குறிப்புக்கள் பக்கம் பக்கமாக உள்ளன. சாமன் மீனை எப்படிப் பிளப்பது, எப்படி உலர்த்துவது, காட்டுப் பழங்களை எவ்வாறு பதம்செய்து மாரிகாலத்துக்குச் சேமிப்பது என்பவற்றோடு, உண்ணும் முறையும் விருந்தினரை உபசரிக்கும் ஒழுங்கும் சொல்லப்படுகின்றன. ஹண்டின் மனைவியே இவற்றிற் பெரும்பகுதிக்கு வாய்மொழி தந்தவர். இலக்கியம் தேடிப் போனவர் அடுக்களையில் ஏன் நின்றார் என்று பண்டிதர் சிலர் முகஞ்சுளிக்கக்கூடும். நமக்கோ அந்நூலின் மிகச் சிறந்த பகுதி அதுவென்றே தோன்றுகின்றது. ஒரு சமூகத்தின் மரியாதை, பங்கீடு, ஆண் வேலை, பெண் வேலை யாவும் உலைமூடியைத் திறந்தாற் புலப்படும்.

1916இற் பொவாஸ் வெளியிட்ட 'சிம்சியன் புராணக்கதைகள்' என்னும் நூல் இதே நெறியில் இன்னொரு படி செல்கின்றது. அக்கதைகளைத் திரட்டித் தந்தவர் சிம்சியன் குலத்தவரான ஹென்றி டேற். கதைகளை அச்சிட்டதோடு பொவாஸ் அமையவில்லை. அவற்றிற் போகிறபோக்கிற் குறிப்பிடப்படும் வீடு, படகு, உணவு, மணமுறை, குடித்தலைமை முதலியவற்றைத் தொகுத்து அம்மக்களின் வாழ்க்கைச் சித்திரம் ஒன்றை அமைத்தார். கதையில் விலங்கு பேசலாம். ஆனால் அது நுழையும் வீட்டின் வாயில், கதை சொல்பவன் அறிந்த வாயிலாகவே இருக்கும். நாட்டார் வழக்கு இனவியலுக்குச் சான்றாவது இவ்வழியாலேயே. நம் மாணவர் தாலாட்டு, ஒப்பாரி முதலியவற்றை எழுதிக்கொண்டு வரும்போது, பாடியவர் யார், எந்த ஊரவர், என்ன வேளை என்று நாம் வற்புறுத்திக் கேட்பதும் இதனாலே. அவ்விவரமின்றி வரும் பாட்டு வாஷிங்டன் அலமாரிக் கிலுகிலுப்பைக்குச் சமானம்.

பொவாசைக் குறையற்றவர் என்று நாம் கூற வரவில்லை. 1888இல் அம்மக்களின் இடுகாடுகளிலிருந்து எலும்புகளைச் சேர்த்து விற்றவரும் அவரே. ஆயினும், குலங்களை உயர்வு தாழ்வென அளக்கும் கோலை முறித்தவர்களுள் அவர் முதன்மையானவர். 1933இல் ஜேர்மனியில் எரிக்கப்பட்ட நூல்களுள் அவருடையனவும் இருந்தன.

குவாக்வக்கவாக்கு மக்களுக்கு இவ்விடயம் ஏட்டுச் சண்டையன்று. அவர்களுடைய பெருவிழா 'பொட்லாச்' எனப்படும். திருமணம், பெயர் சூட்டல், பட்டம் ஏற்றல், இறந்தோரை நினைதல் ஆகியவற்றுக்குத் தலைவன் விருந்தினரை அழைப்பான். முகமூடி தரித்து ஆடுவர். குடியின் வரலாற்றைப் பாடுவர். இறுதியிற் பரிசில் வழங்குவர். பரிசில் பெற்றவர் நடந்ததற்குச் சாட்சி. எழுத்தில்லாத சமூகத்தின் பதிவகம் அது. இதனை வீண்செலவு என்றும் நாகரிகத்துக்குத் தடையென்றும் கருதிய கனடா அரசு 1885 முதற் சட்டத்தால் தடுத்தது. (நம்மவர் கலியாண வீட்டுச் செலவை அவ்வதிகாரிகள் கண்டிருந்தால் யாது செய்திருப்பரோ!) பொவாஸ் இத்தடையை வெளிப்படையாகவே கண்டித்தார். 1900இல் ஹண்ட் மீதே வழக்குத் தொடரப்பட்டது. அவர் விடுதலை பெற்றார். 1921இல் வில்லேஜ் தீவில் நடந்த பெருவிழாவின் பின்னர்ப் பலர் சிறை சென்றனர். முகமூடிகளையும் அணிகளையும் ஒப்படைத்தாற் சிறையில்லை என்று பேரம் பேசப்பட்டது. ஒப்படைத்தவை ஒட்டாவா, ரொரன்ரோ, நியூயோர்க் என்று சிதறின.

தடை 1951இல் நீங்கியது. நெடிய முயற்சியின் பின் முகமூடிகளுட் பெரும்பகுதி மீண்டது. அவற்றை வைப்பதற்கென்று 1980இல் அலேட் குடாவில் எழுந்த நிலையத்துக்கு உமிஸ்தா என்று பெயர். பகைவர் சிறைகொண்டு போனவர் வீடு திரும்புதலைக் குறிக்கும் பழஞ்சொல் அது. அங்கே முகமூடிகள் கண்ணாடிக்குள் அடைக்கப்படவில்லை. பறவையெல்லாம் ஒருபுறம், விலங்கெல்லாம் ஒருபுறம் என்றும் வைக்கப்படவில்லை. விழாவில் எது முன் வருமோ அது முன்னாகவும், எது பின் வருமோ அது பின்னாகவும், ஆட்டத்தின் ஒழுங்கிலேயே சுவரோரமாக நிற்கின்றன.