பொதியோடு நடந்த மூன்று நாள்



கடன், சீட்டு, கோழி வளர்ப்பு, காணி உறுதி என்றே இந்தப் பக்கத்தை நிரப்பி வந்த நான் இம்முறை மலையில் நடந்த கதை எழுதப் போகிறேன். 'இவவுக்கு இந்த வயதில் என்ன மலையும் மடுவும்' என்று சிலர் சிரிப்பீர்கள். சிரியுங்கள். ஆனால் இதற்குள்ளும் காசுக் கதையும் காணிக் கதையும் வரும். அவை இல்லாமல் எனக்கு எழுத வராது.

2025 பெப்ரவரியில் எங்கள் மாதர் சங்கத்தில் ஒன்பது பேர், மலையகத்து வழிகாட்டித் தம்பி ஒருவரோடு, கொட்டகலையிலிருந்து நோர்வூட்டுக்கும் அங்கிருந்து பொகவந்தலாவைக்கும் நடந்தோம். இரவில் தோட்டத்து வீடுகளில் தங்கினோம். நாங்கள் நடந்தது பெரிய பாதையொன்றின் சிறு துண்டு. 'பெக்கோ ட்ரெயில்' என்று அதற்குப் பெயர். கண்டிக்கு மேலேயுள்ள ஹந்தானையில் தொடங்கி, கலஹா, லூல்கந்துர, பூண்டுலோயா, வட்டகொடை, கொட்டகலை, நோர்வூட், பொகவந்தலாவை, டயகம என்று ஏறி இறங்கி, ஹப்புத்தளை, எல்ல பக்கம் போய்ச் சுற்றி, நுவரெலியாவில் முடிகிறது. 300 கிலோமீற்றருக்கு மேல். அதை 22 கட்டமாகப் பிரித்திருக்கிறார்கள். ஒரு கட்டம் சராசரி 13, 14 கிலோமீற்றர் வரும். காலையில் தொடங்கினால் பின்னேரம் சேர்ந்துவிடலாம். ஐரோப்பிய ஒன்றியமும் அமெரிக்க உதவி நிறுவனமும் பணம் கொடுத்து, மிகேல் குனாட் என்ற ஸ்பானியர் முன்னின்று, பழைய தோட்டப் பாதைகளைத் தேடி இணைத்தார். பெக்கோ என்பது தேயிலையின் ஒரு தரம். இளங்கொழுந்திலிருந்து வருவது. கொழுந்தின் பெயரை வைத்தவர்கள் பாதைக்குக் கொழுந்து கிள்ளியவளின் பெயரையும் வைத்திருக்கலாமே என்று எங்களில் ஒருத்தி சொன்னாள். வாய்க்காரி.

பயணத்துக்கு முதல் நாள் இரவு சங்கக் கட்டடத்தில் பொதி கட்டினோம். ஒரு மாற்றுடுப்பு, துவாய், மருந்து, தண்ணீர்ப் போத்தல், அடையாள அட்டை. அடையாள அட்டையைப் பொலித்தீனில் சுற்றி நெஞ்சுக்குள் வைக்கிற பழக்கம் எங்களில் பலருக்கு இன்னும் போகவில்லை. பொதி கட்டி முடிந்ததும் ஒரு அக்கா எழுந்து வெளியே போய்விட்டா. பின்னால் போய்ப் பார்த்தேன். "நான் வரேல்லை, நீங்கள் போட்டு வாங்கோ" என்றா. 1995இல் யாழ்ப்பாணத்திலிருந்து ஒரு தடவையும், 2009இல் வன்னியில் எத்தனையோ தடவையும் அவ இப்படிப் பொதி கட்டி நடந்தவ. கடைசித் தடவை நடக்கத் தொடங்கும்போது ஐந்து பேர். முடியும்போது இரண்டு பேர். நடை என்றால் அவவுக்கு அதுதான்.

நான் எதுவும் சொல்லவில்லை. சொல்ல என்ன இருக்கிறது? விடியப்புறம் பஸ்ஸுக்கு அவ வந்து நின்றா. பொதியை மட்டும் மாற்றியிருந்தா. தோளில் போடுகிற பையை விட்டுவிட்டு, பேத்தியின் பள்ளிக்கூடப் பையைக் கொண்டு வந்திருந்தா. இளஞ்சிவப்பு நிறம், பூனைப் படம் போட்டது. மூன்று நாளும் அந்தப் பூனையின் பின்னால்தான் நான் நடந்தேன்.

கண்டிக்குப் போய், ஹற்றனில் மாறி, கொட்டகலையில் இறங்கினோம். எங்கள் பக்கத்துச் சமதரையில் பழகிய கால்களுக்கு முதல் ஒரு மணித்தியாலம் நரகம். ஏற்றத்தில் பேசக்கூடாது, மூக்கால் மூச்சு விட வேண்டும், ஒருவருடைய கெதிக்கு மற்றவர் ஓடக்கூடாது என்று தம்பி சொன்னார். பாட்டாச் செருப்போடு வந்த இருவருக்கு இரண்டாம் நாள் குதிக்கால் வெடித்தது. போகிறவர்கள் பழைய சப்பாத்தாக இருந்தாலும் சப்பாத்துப் போடுங்கள்; புதுச் சப்பாத்து வேண்டாம், கடிக்கும். உப்பும் சவர்க்காரமும் அட்டைக்கு. நாங்கள் போனது வெயில் காலம், அட்டை குறைவு. ஆனால் குளவி உண்டு. தேயிலை மலையில் குளவிக் கொட்டு விளையாட்டல்ல, கொழுந்து பறிக்கிற பெண்கள் அதனால் செத்தும் இருக்கிறார்கள். வாசனைத் தைலம் பூசாதீர்கள், கூட்டைக் கண்டால் சத்தம் போடாமல் வந்த வழியே திரும்புங்கள் என்று தம்பி மூன்று தடவை சொன்னார். எங்களில் ஒருத்தி பவுடரை வழித்துத் துடைத்தாள்.

முதல் மூச்சு வாங்கிய இடத்தில் தம்பி ஒரு கதை சொன்னார். வெள்ளைக்காரர் காலத்தில் தோட்டத்துக்குள் வெளியாள் நுழைய முடியாது. துரையின் அனுமதி வேண்டும். கோ. நடேசய்யர் தோட்டத்து நிலைமையைக் கண்ணால் பார்ப்பதற்காகப் புடவை வியாபாரி வேடத்தில் உள்ளே போனவர். அவருடைய மனைவி மீனாட்சி அம்மாள் தானே பாட்டுக் கட்டி, தொழிலாளர் கூட்டங்களில் பாடிக் கூட்டம் சேர்த்தவர். புடவை மூட்டை இல்லாமல் நுழைய முடியாத வழியில் இன்று முதுகுப் பையோடு யாரும் நடக்கலாம்.

வழி நெடுக இப்படித்தான். வெள்ளைக்காரருக்குக் காட்டுவது ஒரு பாதை, நமக்குத் தெரிவது இன்னொரு பாதை. லூல்கந்துரவில் 1867இல் ஜேம்ஸ் டெய்லர் 19 ஏக்கரில் முதன்முதலாக வியாபாரத்துக்குத் தேயிலை நட்டார் என்று எல்லாப் புத்தகத்திலும் இருக்கிறது. காட்டை வெட்டி அந்தக் கன்றுகளை நட்டவர்களின் பெயர் எந்தப் புத்தகத்திலும் இல்லை. அதே ஹேவாஹெட்டைப் பக்கம் முல்லோயாத் தோட்டத்தில் 1940 ஜனவரியில் சம்பள உயர்வு கேட்ட போராட்டத்தில் கோவிந்தன் சுட்டுக் கொல்லப்பட்டார். பூண்டுலோயா மடக்கும்புரத் தோட்டத்தில் 1914இல் பிறந்தவர் எழுத்தாளர் சி. வி. வேலுப்பிள்ளை. கொட்டகலைக்குக் கிட்டவுள்ள டெவன் தோட்டத்தில், 1977 மே மாதத்தில், தோட்டக் காணியைப் பறித்துப் பங்கிடுவதை எதிர்த்து நின்ற சிவனு லெட்சுமணன் துப்பாக்கிச் சூட்டில் இறந்தார். பொகவந்தலாவை தேவாலயத்தில் ஜூலியா மார்கரெட் கமரோன் என்ற பெரிய புகைப்படக்காரியின் கல்லறை இருக்கிறது, 1879இல் இறந்தவர். புகைப்படம் எடுக்கத் தொடங்கியபோது அவருக்கு 48 வயது. அதைக் கேட்டதும் எங்கள் கூட்டத்தில் ஒரு கலகலப்பு.

நோர்வூட்டில் தங்கிய வீட்டைப் பற்றித்தான் முக்கியமாக எழுத வேண்டும். லயமல்ல, தனிவீடு. இந்திய உதவித் திட்டத்தில் கட்டியது, ஏழு பேர்ச் காணியில். 2017 மே மாதம் இந்தியப் பிரதமர் மோடி நோர்வூட்டுக்கு வந்து இன்னும் 10,000 வீடு தருவதாகச் சொன்னது உங்களுக்கு ஞாபகம் இருக்கலாம். வீட்டுக்காரி கொழுந்து பறிப்பவர், நாற்பது வயதிருக்கும். அறை ஒன்றை ஒழித்து, பாய் விரித்து, சுடுதண்ணீர் வைத்திருந்தார். "வாங்கக்கா, காலைக் கழுவிட்டு உக்காருங்க, சாயத்தண்ணி ஊத்துறேன்" என்றார். தேங்காய் ரொட்டி, மாசிச் சம்பல், போஞ்சிக் கறி. நாங்கள் கொண்டுபோன பனங்கட்டியைக் கடித்துக் கடித்துச் சாயத்தண்ணி குடித்தார்கள் பிள்ளைகள்.

இரவு கணக்குப் பேசினோம். அப்போது நாட்சம்பளம் 1,350 ரூபா. 2024 செப்டெம்பரில் வந்தது. (2025 நவம்பர் வரவு செலவுத் திட்டத்தில் அதை 1,750 ஆக்குவதாக அறிவித்தார்கள்.) அந்த 1,350ஐப் பெற நாளுக்கு 18, 20 கிலோ பறிக்க வேண்டியிருந்தது. எங்களிடம் ஆளுக்கு இரவுச் சாப்பாடு, படுக்கை, காலைச் சாப்பாடு என்று 2,500 ரூபா பேசியிருந்தார் தம்பி. ஒன்பது பேர், 22,500 ரூபா. சாமான் செலவு போக, இரண்டு கிழமைச் சம்பளத்துக்குக் கிட்ட. ஒரே இரவில்.

"அப்ப ஊர் முழுக்க ஏன் இதைச் செய்யேல்லை?" என்று எங்கள் வாய்க்காரி கேட்டாள். வீட்டுக்காரி மேட்டுக்கு மேலே தெரிந்த விளக்குகளைக் காட்டினார். லயங்கள். ஒரு காம்பரா பத்தடிக்குப் பன்னிரண்டடி. அதற்குள் ஏழு, எட்டுப் பேர். விருந்தாளியை எங்கே படுக்க வைப்பது? அதைவிடப் பெரிய தடை, அந்தக் காம்பரா அவர்களுடையதல்ல. காணி அரசாங்கத்தினுடையது, 1992இலிருந்து நிர்வாகம் கம்பனிகளிடம். சுற்றுலா அபிவிருத்தி அதிகார சபையில் வீட்டைப் பதிந்தால்தான் விடுதித் தொழில் முறைப்படி நடக்கும். பதிவதற்கு வீடு யாருடையது என்ற எழுத்து வேண்டும். ஐந்து தலைமுறையாகக் குடியிருப்பவருக்கு அந்த எழுத்து இல்லை. ஆகவே பாதை லயத்து வாசலால் போகிறது, நடப்பவர்களின் பணம் பங்களாவுக்கும் பட்டணத்து விடுதிக்கும் போகிறது. எல்லாமே என்று சொல்லவில்லை. வழிகாட்டித் தம்பிக்கு வேலை கிடைத்திருக்கிறது, வழியில் ரொட்டிக் கடை போட்ட பெண்ணைக் கண்டோம். ஆனால் உறுதி உள்ள வீட்டுக்கும் இல்லாத வீட்டுக்கும் இடையிலுள்ள வேறுபாட்டை அன்றிரவு நாங்கள் கணக்காகவே பார்த்தோம். காணி உறுதி, காணி உறுதி என்று இந்தப் பக்கத்தில் நான் கத்துவது இதற்குத்தான்.

வழிகாட்டிகள் எல்லாரும் ஆண்கள்தானா என்றும் கேட்டேன். பெண்கள் மிகக் குறைவு என்றார் தம்பி. நேபாளத்தில் பொக்கரா என்ற ஊரில் லக்கி, டிக்கி, நிக்கி என்று மூன்று சகோதரிகள், சேத்ரி குடும்பத்தினர், 1994இல் பெண்களே வழிகாட்டும் மலைநடைத் தொழிலைத் தொடங்கினார்கள். தனியாக வரும் பெண்களுக்குப் பெண் வழிகாட்டி இருந்தால் நல்லது என்பதுதான் தொடக்கம். பிறகு மலைக் கிராமத்துப் பெண்கள் பலருக்குப் பயிற்சி கொடுத்தார்கள். கொழுந்துக் கூடையோடு செங்குத்தில் ஏறுபவளுக்கு மலை ஏறப் பழக்கத் தேவையில்லை. ஆங்கிலமும் முதலுதவியும் பழக்கினால் போதும்.

இரண்டாம் நாள் காலை புறப்படும்போதுதான் சண்டை. வீட்டுக்காரி காசை வாங்க மறுத்துவிட்டார். விசயம் என்னவென்றால், அவருடைய சித்தி குடும்பம் 1977 கலவரத்தில் அடிபட்டு வவுனியாவுக்கு ஓடியது. காந்தீயம் அமைப்பு குடியேற்றிய குடும்பங்களில் ஒன்று. செட்டிக்குளம் பக்கம். 1983க்குப் பிறகு ஒன்றிரண்டு கடிதம், பிறகு போரோடு ஒன்றுமில்லை. "நீங்க அந்தப் பக்கத்து ஆளுங்க. எங்க சித்தி வீட்டு ஆளுங்க மாதிரி. ஒங்ககிட்ட எப்படிக்கா காசு வாங்குறது?"

எனக்குக் கோபம் வந்தது. உபசாரம் வேறு, தொழில் வேறு. இன்றைக்கு எங்களிடம் வாங்காவிட்டால் நாளைக்கு ஊர்க்காரர் யாரிடமும் வாங்கக் கூச்சப்படுவாய், பிறகு உன் தொழில் எப்படி நிற்கும் என்று பெரிய பிரசங்கம் செய்தேன். அவர் கேட்டுக்கொண்டு நின்றார். பூனைப்பை அக்கா நடுவில் வந்து, "பாதிக் காசை எடு பிள்ளை, மற்றப் பாதிக்குச் சித்தியைத் தேடித் தாறம்" என்றா. அத்தோடு பேச்சு முடிந்தது. வீட்டுக்காரி தேயிலைத்தூள் ஒரு கிலோவைப் பொதி செய்து, மேலே சித்தியின் பெயரையும் பழைய தோட்டத்தின் பெயரையும் எழுதித் தந்தார்.

பொகவந்தலாவைக்கு நடந்தபோது அந்த அக்கா முன்னால் போனா. தூரத்தில் சிவனொளிபாதமலை தெரிந்தது. ஒரு வளைவில் நின்று, "இதுக்குப் பின்னால ஒருத்தரும் துரத்தேல்லை, என்ன?" என்று என்னிடம் கேட்டா. இல்லை என்றேன். பொதியை இறக்கி வைத்துவிட்டுக் கொஞ்சம் இருந்தா. மூன்றாம் நாள் காலை வீங்கிய கால்களோடு பொகவந்தலாவை ஊரைச் சுற்றிப் பார்த்துவிட்டு பஸ் ஏறினோம்.

சித்தியைத் தேட மூன்று மாதம் எடுத்தது. சித்தி 2009க்கு முன்னமே காலமாகிவிட்டா. மகள் இருந்தாள். அவளுக்கு மலையகத்தைத் தெரியாது, செட்டிக்குளத்திலேயே பிறந்தவள். தேயிலைப் பொதியில் தன் தாயின் பெயர் எழுதியிருப்பதைப் பார்த்து, வெட்டாமல் அப்படியே சாமிப்படத்துக்குக் கீழே வைத்தாள். தலைமன்னாரிலிருந்து மாத்தளை வரை 2023 ஜூலை, ஆகஸ்ட்டில் மலையக மக்களின் இருநூறாவது ஆண்டுக்காகப் பாத யாத்திரை போனபோது தானும் ஒரு நேரச் சாப்பாடு சமைத்துக் கொடுத்ததாகச் சொன்னாள். யாருக்கென்று தெரியாமலே கொடுத்திருக்கிறாள்.

இதை எழுத இவ்வளவு காலம் பிந்தியதற்குக் காரணம், 2025 நவம்பர் கடைசியில் வந்த டித்வா புயல். கண்டி, நுவரெலியா, பதுளை மாவட்டங்களில் மண்சரிவில் நூற்றுக்கணக்கானோர் இறந்தார்கள். நான்கு நாள் நோர்வூட்டுக்குத் தொலைபேசி எடுபடவில்லை. ஐந்தாம் நாள் வீட்டுக்காரியே எடுத்தார். வீட்டுக்கு ஒன்றுமில்லை, மேலே இருந்த லயத்துக்குப் பின்னால் மண் வெடித்து, அங்குள்ளவர்கள் பள்ளிக்கூடத்தில். அவருடைய விருந்தாளி அறையில் அப்போது பதினொரு பேர்.

அந்தக் கிழமையே செட்டிக்குளத்திலிருந்து அந்த மகள் இரண்டு மூட்டை அரிசி கொண்டு சங்கத்துக்கு வந்தாள், தங்கள் வயலில் விளைந்தது. பூனைப்பை அக்காவும் நானும் வவுனியாவில் கண்டி பஸ்ஸில் ஏற்றினோம். யாருக்கு என்று கொண்டக்டர் கேட்டார். மூட்டையில் பெயர் எழுத மறந்துபோனோம். அந்த மகள் பேனாவை வாங்கி, தன் தாயின் பெயரை எழுதி, அதற்குக் கீழே நோர்வூட் என்று எழுதினாள்.