கோமாளிக்குச் சிரிப்பு, எனக்குத் திட்டா?



நம் பள்ளியில் ‘குக்கு வித் கோமாளி’ பார்க்காதவர்கள் கையைத் தூக்குங்கள் என்றால் ஒரு கைகூட மேலே வராது. 2019 நவம்பரில் விஜய் டிவியில் தொடங்கிய நிகழ்ச்சி இது. அதற்கு முன் டிவியில் சமையல் என்றால் எப்படி? வெங்காயம், தக்காளி எல்லாம் நறுக்கி கண்ணாடிக் கிண்ணத்தில் ரெடியாக இருக்கும். பால் பொங்கி வழியாது. எதுவும் அடிப்பிடிக்காது. நிஜ அடுப்படியில் அப்படியா நடக்குது? அதைத்தான் இந்த நிகழ்ச்சி கிண்டல் பண்ணுது. சமைப்பவருக்குத் துணையாக, சமையலே தெரியாத ஒரு கோமாளி! ஒன்றைக் கேட்டால் வேறொன்றைத் தூக்கிக்கொண்டு ஓடி வருவார். புகழ் வந்தாலே எங்கள் வீட்டுச் சிரிப்பு தெருமுனை வரை கேட்கும்.

எங்க அண்ணன்தான் விழுந்து விழுந்து சிரிப்பான். ஆனால் அவனுக்கே துவரம்பருப்பு எது, கடலைப்பருப்பு எது என்று தெரியாது. அதையும் வீட்டில் சிரிப்பாகத்தான் சொல்வார்கள். போன மாதம் அம்மா களையெடுக்கப் போயிருந்தாங்க. நான் அவசரத்தில் சாம்பாருக்குக் கடலைப்பருப்பைப் போட்டுட்டேன். அன்னைக்கு யாரும் சிரிக்கலை. “பதினாலு வயசுப் பொண்ணு, இதுகூடத் தெரியாதா? போற எடத்துல என்ன சொல்லுவாங்க?” என்று பாட்டி திட்டினாங்க. தப்பு ஒண்ணுதானே? அவன் செஞ்சா காமெடி, நான் செஞ்சா குத்தமா?

சமையல் யாருக்கும் பிறக்கும்போதே வருவதில்லை. சிவாங்கி கோமாளியாக வந்தவர்தான். 2023-இல் நான்காவது சீசனில் அவரே குக்காகக் களம் இறங்கினார். அந்த சீசனில் பட்டம் வென்றவர் மைம் கோபி, ஒரு ஆண். அப்படியானால் கற்றுக்கொண்டால் யாருக்கும் வரும் என்றுதானே அர்த்தம்?

போன ஞாயிற்றுக்கிழமை நிகழ்ச்சியில் வருவது போலவே, நான் வாயால் சொல்லச் சொல்ல அண்ணன் ரசம் வைத்தான். உப்பு தூக்கல்தான். ஆனாலும் பாட்டி சிரிச்சுக்கிட்டே ரெண்டு தடவை ஊத்திக்கிட்டாங்க. எனக்கும் அன்று கணக்கு வீட்டுப்பாடம் இருட்டுவதற்குள் முடிந்தது.

ஆகவே மாணவர்களே, கோமாளியைப் பார்த்துச் சிரியுங்கள், தப்பில்லை. சிரித்து முடித்ததும் எழுந்து போய் ஒரு வெங்காயமாவது உரியுங்கள். பெரியவர்களிடம் ஒரே ஒரு வேண்டுகோள்: நாங்கள் தப்பு செய்தாலும் கொஞ்சம் சிரியுங்கள்.

இது என் கருத்து. உங்கள் கருத்தைக் கீழே எழுதுங்கள்.



ஒன்பதாம் வகுப்பு மாணவி